சீனியாரிட்டி வழக்கு எங்கே போடுவது: முன்சீப் கோர்ட்டா, மதுரையா, கல்வி அலுவலகமா?

வாசகர் கேள்வி, 2025 ஆகஸ்ட் 3

தேவகோட்டைப் பக்கம் அரசு உதவிபெறும் உயர்நிலைப் பள்ளி ஒன்றில் பட்டதாரி ஆசிரியராக இருக்கிறேன். 2009-ல் சேர்ந்தேன். மே மாதம் தலைமையாசிரியர் ஓய்வு பெற்றார். எனக்குப் பிறகு இந்தப் பள்ளிக்கு வந்தவரிடம் பொறுப்பைக் கொடுத்துவிட்டார்கள். உள்ளூர் வக்கீல், முன்சீப் கோர்ட்டில் நான்தான் மூத்தவர் என்று அறிவிக்கச் சொல்லி டிக்ளரேஷன் வழக்கு போட்டுத் தடையும் வாங்கிவிடலாம் என்கிறார். சங்கத்துக்காரர், ஐகோர்ட்டின் மதுரைக் கிளைக்குப் போய் ரிட் மனு போடு என்கிறார். பணிமூப்பு என் உரிமை. உரிமைப் பிரச்சினை என்றால் சிவில் கோர்ட்தானே? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஆகஸ்ட் 3, இரவு

எங்கேயும் போடாதீர்கள், இன்னும். முதலில் மூன்று விஷயம் சொல்லுங்கள் சார். கொடுத்தது பொறுப்பா, பதவி உயர்வா? பள்ளிக் குழுத் தீர்மானத்தின் நகல் கையில் இருக்கிறதா? நீங்கள் எழுத்தில் ஆட்சேபணை கொடுத்து, தேதி போட்ட ஒப்புகை வாங்கினீர்களா?

ஆகஸ்ட் 5

நான் வக்கீல் இல்லை. காரைக்குடி வட்டாரத்தில் உதவிபெறும் பள்ளி ஒன்றில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவன். எஸ்.ஆர். (பணிப்பதிவேடு) எழுதியது, ஊதியப் பட்டியல் போட்டது, ஒப்புதலுக்குக் கோப்பு சுமந்தது, கோர்ட்டுக்குப் பதிவேடு கொண்டுபோனது எல்லாம் நான்தான். அந்த அனுபவத்தில் எழுதுகிறேன்.

உரிமை என்றால் சிவில் கோர்ட் என்று நீங்கள் சொன்னதில் பாதி சரி. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 9-வது பிரிவு, சிவில் தன்மையுள்ள எல்லா வழக்கையும் சிவில் கோர்ட் விசாரிக்கலாம் என்கிறது. ஆனால் வேறொரு சட்டம் வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ தடுத்திருந்தால் முடியாது என்பதும் அதே வாக்கியத்தில்தான் இருக்கிறது. உங்கள் பள்ளிக்கு அப்படித் தடுக்கும் சட்டம் உண்டு. 1973-ம் வருஷத்துத் தமிழ்நாடு தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டத்தின் 53-வது பிரிவு சொல்வது இதுதான்: இந்தச் சட்டப்படி ஓர் அதிகாரி முடிவு செய்ய வேண்டிய எந்தக் கேள்வியையும் சிவில் கோர்ட் எடுத்துக்கொள்ள முடியாது.

இதை மட்டும் படித்துவிட்டு 'சிவில் கோர்ட் மூடியாச்சு' என்று முடிவு கட்டக்கூடாது. 1968-ல் தூலாபாய் வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதற்கு ஒரு அளவுகோல் கொடுத்தது. சட்டம் ஒரு கதவை அடைத்தால், அதற்குப் பதிலாகப் போதுமான பரிகாரத்தை வேறிடத்தில் வைத்திருக்கிறதா என்று பார்க்க வேண்டும். அப்படி வைத்திருந்தால் அடைப்பு நிற்கும். அந்த அதிகாரி சட்டத்தையே மீறினாலோ, பாதிக்கப்படுகிறவர் தரப்பைக் கேட்க வேண்டும் என்ற இயற்கை நீதியைக் கைவிட்டாலோ, சிவில் கோர்ட்டுக்குக் கொஞ்சம் இடம் மிச்சம் இருக்கும்.

பரிகாரம் இருக்கிறதா? அந்த 1973 சட்டத்தின் 23-வது பிரிவைப் பாருங்கள். டிஸ்மிஸ், பதவி இறக்கம் மாதிரி தண்டனைக்கு மட்டும்தான் மேல்முறையீடு என்று பல பேர் நினைக்கிறார்கள். பணி நிபந்தனையைப் பாதகமாக மாற்றினாலும், பாதகமாக அர்த்தம் பண்ணினாலும் மேல்முறையீடு உண்டு என்று அதிலேயே இருக்கிறது. அதற்கு மேல் 24-வது பிரிவில் தீர்ப்பாயத்துக்கு இரண்டாவது மேல்முறையீடு. பணிமூப்பு ஒரு பணி நிபந்தனை. அதனால்தான் உங்கள் வக்கீலின் யோசனை எனக்குப் பயமாக இருக்கிறது.

இன்னொரு விஷயம். அந்தச் சட்டத்தின் இடத்தில் இப்போது 2018-ம் வருஷத்துச் சட்டம் வந்துவிட்டது. 2023 ஜனவரியில் விதிகளோடு நடைமுறைக்கு வந்தது. தீர்ப்புகள் பெரும்பாலும் பழைய சட்டத்தை வைத்துத்தான் இருக்கின்றன, அதனால் பழைய எண்களைச் சொல்கிறேன். நீங்கள் 2025-ல் கொடுக்கும் மனுவில் புதிய சட்டத்தின் பிரிவுதான் இருக்க வேண்டும். வக்கீல் குமாஸ்தா பழைய மனுவை எடுத்துப் பெயரை மட்டும் மாற்றி அடித்துவிடுவார், கவனம்.

ஆகஸ்ட் 6

'லேபர் கோர்ட்டுக்குப் போகலாமே, செலவு குறைவு' என்று ஒரு தம்பி எழுதியிருக்கிறார். முடியாது தம்பி. ஆசிரியர் தொழில் தகராறுச் சட்டப்படி தொழிலாளி அல்ல என்று 1988-ல் சுந்தராம்பாள் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. கோவா பள்ளி ஆசிரியை ஒருவரின் வழக்கு அது. பணிக்கொடைக்கு 2009-ல் தனியாகச் சட்டத்தைத் திருத்தி ஆசிரியர்களைச் சேர்த்தார்கள். அது பணிக்கொடைக்கு மட்டும்.

ஆகஸ்ட் 10

எனக்கு ஏன் பயம் என்று கேட்டிருந்தீர்கள். நான் பார்த்த ஒரு வழக்கைச் சொல்கிறேன். பள்ளிப் பெயர் வேண்டாம்.

1990-களின் நடுவில் நடந்தது. கணக்கு ஆசிரியர் ஒருவர், அறிவியல் ஆசிரியை ஒருவர். கோடை விடுமுறை முடிந்து பள்ளி திறந்த அன்று இரண்டு பேரும் ஒரே காலையில் பணியில் சேர்ந்தவர்கள். இரண்டு நியமன ஆணைக்கும் ஒரே தேதி. சேர்க்கை அறிக்கை அரைத்தாளில் எழுதியது, இரண்டிலும் 'மு.ப.' என்று இருக்கிறது. அந்த மாத வருகைப் பதிவேட்டில் கணக்கு சாரின் பெயர் மேலே, டீச்சர் பெயர் அதற்கு அடுத்த வரியில். எழுதியவர் எனக்கு முன்னால் இருந்த எழுத்தர். யார் முதலில் அலுவலக அறைக்குள் வந்தார்களோ அவர் பெயரை முதலில் எழுதியிருப்பார், அவ்வளவுதான். இருபது வருஷம் யாரும் அதைக் கவனிக்கவில்லை. தலைமையாசிரியர் பதவி காலியாகும் சமயத்தில் அந்த வரிசைதான் பணிமூப்பு என்றது பள்ளிக் குழு. டீச்சர், வயதில் மூத்தவள் நான் என்றார். ஒரே நாள் நியமனத்தில் வயதைப் பார்ப்பதுதானே வழக்கம் என்று கேட்டார்.

அவர் கேட்டது நியாயமான கேள்வி. அதைக் கல்வி அலுவலரிடம் மேல்முறையீடாகக் கேட்டிருந்தால், எந்தப் பக்கமாவது ஒரு பதில் வந்திருக்கும். முன்சீப் கோர்ட்டுக்குப் போனார். இடைக்காலத் தடை உடனே கிடைத்தது. ஊரே டீச்சர் ஜெயித்துவிட்டார் என்று பேசியது. தடை வந்ததால் கணக்கு சாருக்கும் பதவி இல்லை, டீச்சருக்கும் இல்லை. மூன்றாவது ஆள் ஒருவர் பொறுப்பு பார்த்தார்.

எஸ்.ஆர். இரண்டையும் துணிப்பையில் போட்டுக்கொண்டு வாய்தாவுக்கு வாய்தா நான் போய் உட்காருவேன். வராந்தா பெஞ்சில் ஒரு கோடியில் டீச்சர், மறு கோடியில் கணக்கு சார், நடுவில் நான். பள்ளியில் பக்கத்துப் பக்கத்து வகுப்பு அவர்களுக்கு. தீபாவளிக்குப் பலகாரம் மாற்றிக்கொண்ட குடும்பங்கள். வழக்கு நடந்த காலம் முழுக்க அவர்கள் பேசிக்கொண்டதை நான் பார்க்கவில்லை.

சாட்சி, குறுக்கு விசாரணை எல்லாம் முடிந்த பிறகுதான் எதிர்த்தரப்பு 53-வது பிரிவை அழுத்தி வாதாடியது. பதிலுரையில் ஒரு வரி எழுதியிருந்தார்கள், யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கடைசியில் கோர்ட், 'இந்தக் கேள்வி எங்களுடையது அல்ல' என்று பிராதை, அதாவது வழக்கு மனுவை, திருப்பிக் கொடுத்தது. யார் மூத்தவர் என்று ஒரு வார்த்தை கிடையாது. அதற்குள் டீச்சர் ஓய்வு பெற்றுவிட்டார். கணக்கு சாரும் பட்டதாரி ஆசிரியராகவே ஓய்வு பெற்றார். ஓய்வூதியக் கருத்துரு இரண்டையும் நான்தான் தயார் செய்தேன். இரண்டிலும் கடைசிப் பதவி என்ற கட்டத்தில் 'பட்டதாரி ஆசிரியர்' என்று எழுதும்போது எனக்கு வந்த கோபம் இன்றைக்கும் இருக்கிறது.

ஆகஸ்ட் 11

நேற்று எழுதியதைப் படித்துவிட்டு இரண்டு பேர், பிராது திரும்பி வந்தால் எல்லாம் போச்சா என்று கேட்டிருக்கிறார்கள். இல்லை. நம்பிக்கையோடு, கவனத்தோடு தவறான கோர்ட்டில் நடத்திய காலத்தைக் கழித்துக்கொள்ள காலவரையறைச் சட்டம் 14-வது பிரிவு இடம் தருகிறது. கெடு என்ற அளவில் அது உதவும். வயதைத் திருப்பித் தராது. அறுபதில் ஓய்வு என்று 2021-ல் ஆனதால் ஒரு வருஷம் கூடக் கிடைத்திருக்கிறதே தவிர, தலைமையாசிரியர் வரிசையில் நிற்பவருக்கு மிச்சம் இருப்பது பெரும்பாலும் நாலைந்து வருஷம்தான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். எதிர்த்தரப்பு ஆட்சேபிக்கவில்லை, அதனால் கோர்ட்டுக்கு அதிகாரம் வந்துவிட்டது என்று ஒருவர் எழுதியிருந்தார். எந்த ஊர்க் கோர்ட் என்பதில் அது ஓரளவு சரி. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 21-வது பிரிவுப்படி இட எல்லை ஆட்சேபணையை ஆரம்பத்திலேயே கிளப்ப வேண்டும். ஆனால் விஷயத்தையே விசாரிக்க அதிகாரம் இல்லை என்றால், இரண்டு பேரும் சம்மதித்தாலும் அதிகாரம் வராது. 1954-ல் கிரண்சிங் வழக்கிலேயே முடிந்துபோன விஷயம். அப்படி வந்த தீர்ப்பாணை வெறும் காகிதம். நிறைவேற்றும் கட்டத்தில்கூட அதைக் கேள்வி கேட்கலாம். பத்து வருஷம் நடத்தி ஜெயித்த பிறகும் இது வரும். தேவகோட்டை சார், இதை உங்கள் வக்கீலிடம் அப்படியே காட்டுங்கள். அவர் கோபித்துக்கொண்டாலும் பரவாயில்லை.

ஆகஸ்ட் 17

சாக்கோட்டை ஒன்றியத்து இடைநிலை ஆசிரியை ஒருவர், நாங்கள் அரசுப் பள்ளி, எங்களுக்கும் இதேதானா என்று கேட்கிறார். இல்லையம்மா, உங்கள் கதை முழுக்க வேறு.

ஊராட்சி ஒன்றியப் பள்ளி ஆசிரியர்கள் 1981 ஜூன் 1 முதல் அரசு ஊழியர்கள். தனியார் பள்ளிச் சட்டம் உங்களைத் தொடாது. 1988 முதல் 2006 வரை உங்களுக்கென்று மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. 1985-ம் வருஷத்து மத்தியச் சட்டத்தின் கீழ் வந்தது. அது இருந்தவரை சிவில் கோர்ட் பக்கமே போக முடியாது. ஐகோர்ட்டுக்கும் போக முடியாமல்தான் இருந்தது. 1997-ல் சந்திரகுமார் வழக்கில், ரிட் விசாரிக்க ஐகோர்ட்டுக்கு அரசியல் சாசனம் தரும் 226-வது பிரிவு அதிகாரத்தை யாராலும் பறிக்க முடியாது, தீர்ப்பாயத்தின் முடிவை ஐகோர்ட் டிவிஷன் பெஞ்ச் பார்க்கலாம் என்று ஆனது. பிறகு தீர்ப்பாயத்தையே கலைத்தார்கள், கட்டுகள் எல்லாம் ஐகோர்ட்டுக்கு வந்தன. கேந்திரிய வித்யாலயா ஆசிரியர்களுக்கு மட்டும் இன்றைக்கும் மத்தியத் தீர்ப்பாயம்தான் முதல் வாசல்.

அப்போதெல்லாம் ஒரு வழக்கென்றால் ராத்திரி ராமேஸ்வரம் ரயிலைப் பிடித்துச் சென்னை போக வேண்டும். விடுப்பு, லாட்ஜ், சாப்பாடு. 2004 ஜூலையில் மதுரைக் கிளை வந்தது நம் பக்கத்து ஆசிரியர்களுக்குப் பெரிய உதவி. சிவகங்கை, புதுக்கோட்டை இரண்டு மாவட்டமும் அதன் எல்லைக்குள் வருவதால் செட்டிநாட்டு ஊர் எதுவாக இருந்தாலும் மதுரைதான். காரைக்குடியில் ஏறினால் திருப்பத்தூர், மேலூர் வழியாகப் போகும் பஸ் ஐகோர்ட் வாசலைத் தாண்டித்தான் மாட்டுத்தாவணி போகிறது. ஒத்தக்கடை தாண்டியதும் இறங்கத் தயாராக இருங்கள்.

உத்தரவு சென்னை இயக்குநரகத்தில் போட்டதாயிற்றே என்று கவலைப்பட வேண்டாம். வழக்குக்கான காரணத்தில் ஒரு பகுதி எங்கே நடந்ததோ அங்கேயும் ரிட் போடலாம் என்று 226(2) சொல்கிறது. உங்கள் பதவி உயர்வு போனது சாக்கோட்டையில்.

அடுத்தது 243. 2023 டிசம்பர் 21-ல் வந்த அரசாணை எண் 243, தொடக்கக் கல்வியில் ஒன்றிய அளவில் இருந்த பணிமூப்பை மாநில அளவுக்கு மாற்றியது. தொடக்கப்பள்ளி ஆசிரியர் சங்கங்களின் கூட்டமைப்பான டிட்டோஜாக் நடத்திய போராட்டங்கள் எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். இதில் இரண்டு பக்கத்து வலியும் எனக்குத் தெரியும். சிங்கம்புணரியில் சேர்ந்து, கல்யாணத்துக்குப் பிறகு சொந்த விருப்பத்தில் கல்லல் ஒன்றியத்துக்கு மாறிய ஆசிரியை, பழைய முறையில் அங்கே கடைசி ஆளாகிவிடுவார். முந்தைய பணிக்காலம் ஓய்வூதியத்துக்குச் சேரும், பணிமூப்புக்குச் சேராது. அவருக்கு மாநிலப் பட்டியல் ஒரு நியாயம். அதே ஒன்றியத்தில் ஆரம்பத்திலிருந்து இருந்து, அடுத்த தலைமையாசிரியர் நான்தான் என்று காத்திருந்தவருக்கு, எங்கோ இருப்பவர் பட்டியலில் மேலே வந்து நிற்பது அநியாயம். அரசின் கொள்கை, விதித் திருத்தம் என்று வரும்போது அதைச் சோதிக்கும் இடம் ஐகோர்ட்தான். முன்சீப் கோர்ட்டில் அரசாணையைச் செல்லாது என்று வாங்கலாம் என யாராவது சொன்னால் பணம் கொடுக்காதீர்கள்.

ஆகஸ்ட் 24

தேவகோட்டை கோர்ட்டைப் பற்றிப் பேச்சு வந்ததால் ஒருவர், 1942-ல் எரித்தார்களே அதே கோர்ட்டா என்று கேட்டார். ஆமாம், ஆகஸ்ட் போராட்டத்தில் தேவகோட்டை நீதிமன்றத்துக்குத் தீ வைத்தார்கள், துப்பாக்கிச் சூடு நடந்தது, உயிர்கள் போயின. எங்கள் வரலாற்று ஆசிரியர் ஒவ்வொரு ஆகஸ்ட்டிலும் பிரார்த்தனைக் கூட்டத்தில் இதைச் சொல்லாமல் விட்டதில்லை. பாடப்புத்தகத்தில் இருந்தாலும் இல்லாவிட்டாலும் இந்தப் பக்கத்துப் பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டிய விஷயம். சரி, சீனியாரிட்டிக்கு வருவோம்.

செப்டம்பர் 2

நேற்று வந்த சுப்ரீம் கோர்ட் தீர்ப்பைப் பற்றித்தான் எல்லா ஆசிரியர் அறையிலும் பேச்சு. ஓய்வுக்கு ஐந்து வருஷத்துக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு வருஷத்துக்குள் டெட் எனும் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற வேண்டும். அதற்குள் ஓய்வு பெறுகிறவர்கள் டெட் இல்லாமல் வேலையில் தொடரலாம், ஆனால் பதவி உயர்வுக்கு அது வேண்டும். சிறுபான்மைப் பள்ளிகளுக்குப் பொருந்துமா என்பதைப் பெரிய பெஞ்சுக்கு அனுப்பியிருக்கிறார்கள்.

'அப்போ இனிமேல் டெட் பாஸ் பண்ணின ஜூனியர், எனக்கு சீனியரா?' என்று நாலு பேர் கேட்டுவிட்டார்கள். இல்லை. பணிமூப்பு வேறு, தகுதி வேறு. பட்டியலில் உங்கள் இடம் மாறாது, பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கும்போது உங்களைத் தாண்டிப் போவார்கள். கோர்ட்டுக்குப் போகிறவர் எதைக் கேட்கிறோம் என்று தெளிவாக இருக்க வேண்டும். பட்டியல் தப்பு என்கிறீர்களா, பட்டியல் சரி ஆனால் என்னைத் தாண்டியது தப்பு என்கிறீர்களா? முதலாவதைக் கேட்டுவிட்டு இரண்டாவதற்கு வாதாடினால் மனு நிற்காது. இருபத்தைந்து வருஷம் பாடம் நடத்தியவர்களை இந்த வயதில் தேர்வு எழுதச் சொல்வது எனக்கு வருத்தம்தான். அது தனி இழைக்கான விஷயம்.

செப்டம்பர் 14

தேவகோட்டை சார் தீர்மான நகலை வாங்கிவிட்டார். அதில் புது விஷயம் வந்திருக்கிறது. பொறுப்பு வாங்கியவர் இந்தப் பள்ளிக்கு 2016-ல்தான் வந்தார். ஆனால் அதே அறக்கட்டளையின் இன்னொரு பள்ளியில் 2007-லிருந்து இருந்தாராம். 'அது வேற பள்ளி, வேற ஊர். அந்த சர்வீஸ் இங்கே எப்படிச் சேரும்?' என்கிறார் சார்.

சேரலாம் சார். பழைய சட்டத்தின் 1974 விதிகளில் 15-வது விதியைப் பாருங்கள். ஒரே நிறுவனம் ஒன்றுக்கு மேற்பட்ட பள்ளிகளை நடத்தினால், பதவி உயர்வுக்கு எல்லாப் பள்ளியும் ஒரே அலகு. நம் பக்கத்தில் ஆண்கள் பள்ளி, பெண்கள் பள்ளி, தொடக்கப்பள்ளி என்று ஒரே குடும்ப அறக்கட்டளை மூன்று நாலு நடத்துவது சாதாரணம். ஆசிரியர்கள் தங்கள் பள்ளிப் பட்டியலை மட்டும் பார்த்து நான்தான் சீனியர் என்று இருந்துவிடுகிறார்கள்.

அதே விதியில் இன்னொன்றும் இருக்கிறது. பதவி உயர்வு தகுதி, திறமை அடிப்படையில். இரண்டும் ஏறக்குறைய சமமாக இருந்தால்தான் பணிமூப்பு. உதவிபெறும் பள்ளியில் மூத்தவர் என்பதால் மட்டும் நாற்காலி வந்துவிடாது. ஆனால் மூத்தவரைத் தாண்டினால் ஏன் என்று தீர்மானத்தில் காரணம் இருக்க வேண்டும். உங்கள் தீர்மானம் ஒன்றரை வரிதான் என்கிறீர்கள், அது உங்களுக்குச் சாதகம்.

இப்போது உங்கள் வக்கீல் பக்கம் ஒரு நியாயமும் பேச வேண்டும். அறக்கட்டளையில் இரண்டு பங்காளிகள் பிரிந்து, ஆளுக்கொரு பள்ளி என்று பார்த்துக்கொள்கிறார்கள், இரண்டும் இப்போது தனித்தனி நிர்வாகம் என்று எழுதியிருக்கிறீர்கள். யார் கல்வி முகமை (பள்ளியை நடத்தும் அமைப்பு), எது சரியான பள்ளிக் குழு, யார் செயலர் என்ற தகராறை அதிகாரி தீர்க்க முடியாது. பழைய சட்டத்தின் 53-ஏ பிரிவு, அந்தத் தகராறை சிவில் கோர்ட்டுக்கே கொண்டுபோகச் சொல்கிறது. 53-ல் மூடியதை 53-ஏ இந்த ஒரு விஷயத்துக்குத் திறந்துவிடுகிறது. ஆக உங்கள் ஒரே சண்டைக்குள் இரண்டு கேள்வி இருக்கிறது. இரண்டு பள்ளியும் ஒரே நிர்வாகமா என்பது பங்காளிகளுடைய கேள்வி, அது சிவில் கோர்ட்டில். அந்த நிர்வாகத்தில் யார் மூத்தவர் என்பது உங்கள் கேள்வி, அது அதிகாரியிடம். பங்காளிகளின் வழக்கை ஆசிரியர் தன் செலவில் நடத்திக்கொடுக்கக் கூடாது என்பதுதான் என் கவலை. இந்த ஊரில் அது நடந்திருக்கிறது.

செப்டம்பர் 15

ராத்திரி யோசித்ததில் ஒன்று தோன்றியது. 2007-ல் சேர்ந்தார் என்பது சரி, எப்படிச் சேர்ந்தார்? அரசு அனுமதித்த பணியிடத்தில் அலுவலர் ஒப்புதலோடு சேர்ந்தாரா, நிர்வாகச் சம்பளத்தில் சில வருஷம் இருந்துவிட்டுப் பிறகு ஒப்புதல் வாங்கினாரா? 1990-ல் நேரடி நியமனப் பொறியாளர் சங்க வழக்கில் சுப்ரீம் கோர்ட் அரசியல் சாசன பெஞ்ச் சொன்னது: விதிப்படி நியமனம் நடந்தால் நியமன நாளிலிருந்து பணிமூப்பு, விதிக்குப் புறம்பான தற்காலிக ஏற்பாடாக இருந்தால் அந்தக் காலம் சேராது. அவருடைய ஒப்புதல் ஆணையின் தேதிதான் உங்கள் வழக்கே. கல்வி அலுவலகத்துக்குத் தகவல் உரிமை மனு போடுங்கள். கட்டணம் 10 ரூபாய், 30 நாளில் பதில் தர வேண்டும்.

அக்டோபர் 19

பொறுப்பு வாங்கியவரின் ஒப்புதல் ஆணை வந்துவிட்டது. ஒப்புதல் 2011 முதல்தான். முந்தைய காலம் நிர்வாகச் சம்பளம். சார் 2009-ல் ஒப்புதலோடு சேர்ந்தவர். படித்ததும் எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. சார் உடனே கோர்ட் என்று கிளம்பிவிட்டார், பொறுங்கள்.

மேல்முறையீட்டை இந்த வாரமே கொடுங்கள். தாளாளருக்கு ஒரு நகல், அலுவலருக்கு மூலம், இரண்டுக்கும் ஒப்புகை. 2011 ஆணையின் நகலை இணைப்பாக வையுங்கள், உள்ளே ஒரு வரியில் சொல்லிவிட்டுப் போகாதீர்கள். நாள் கடத்தக்கூடாது என்பதற்கு நம் மாநிலத்து வழக்கே இருக்கிறது. சதாசிவசாமி வழக்கில், ஜூனியரைத் தன் தலைக்கு மேல் ஏற்றிவிட்டார்கள் என்பவர் ஆறு மாதத்துக்குள், அதிகபட்சம் ஒரு வருஷத்துக்குள் கோர்ட்டுக்கு வர வேண்டும் என்றது சுப்ரீம் கோர்ட். ரிட்டுக்குச் சட்டத்தில் கெடு இல்லை என்று சங்கத்தில் சொல்வார்கள். கெடு இல்லை, ஆனால் தாமதம் என்று தள்ளிவிடுவார்கள். அரசுப் பள்ளிக்காரர்களுக்கும் சேர்த்துச் சொல்கிறேன்: பட்டியலைத் திருத்தக் கேட்க மூன்று வருஷம் என்று பொது விதி 35(எஃப்)-ல் இருந்தது. பட்டியல் சுற்றுக்கு வரும்போது 'பார்த்தேன்' என்று கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் உங்கள் பெயருக்கு மேலே இருப்பவர்களின் தேதியைப் படியுங்கள்.

அலுவலர் பதிலே சொல்லாமல் உட்கார்ந்தால், அப்போது மதுரை. 'மனுவைக் குறித்த காலத்துக்குள் முடிவு செய்' என்று ஒரு ரிட். எதிராக உத்தரவு போட்டால் அடுத்த மேல்முறையீடு. அதைத் தாண்டி நேராக ஐகோர்ட் போனால், மாற்றுப் பரிகாரம் இருக்கிறதே என்று கேட்பார்கள். இயற்கை நீதி மீறல், அதிகாரமே இல்லாமல் போட்ட உத்தரவு மாதிரி இருந்தால் அந்தத் தடை இல்லை என்பது 1998-ல் வேர்ல்பூல் வழக்கு.

எதிர்மனுதாரர் யார் யார் என்பதில் அசட்டையாக இருக்காதீர்கள். அரசு, அலுவலர், நிர்வாகம் மூன்று பேரையும் போட்டுவிட்டு, கூட வேலை பார்க்கிறவரைப் போட மனசு வரவில்லை என்று விடுகிறவர்கள் உண்டு. உத்தரப்பிரதேச ஆசிரியர்கள் சம்பந்தப்பட்ட பிரபோத் வர்மா வழக்கில் 1984-லேயே சொல்லியாகிவிட்டது, பாதிக்கப்படப் போகிறவரைக் கட்சி சேர்க்காமல் வழக்கைத் தீர்க்கக் கூடாது என்று. அவரிடம் முன்கூட்டியே நேரில் சொல்லிவிடுங்கள். நோட்டீஸ் தபாலில் வந்து தெரிந்துகொள்வதை விட அது மேல்.

அக்டோபர் 26

உதவி பெறாத சி.பி.எஸ்.இ. பள்ளி ஆசிரியை ஒருவர் கேட்டதற்கு: உங்களுக்கு ரிட் கிடைப்பது சிரமம் அம்மா. கல்வி பொதுப் பணிதான் என்றாலும், சட்டத்தின் பின்பலம் இல்லாத வெறும் பணி ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் வராது என்று 2022-ல் செயின்ட் மேரீஸ் கல்விச் சங்க வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது. அங்கே சிவில் கோர்ட்தான் வாசல், அதிலும் வேலையில் திரும்ப வை என்பதை விட நஷ்டஈடு கேட்பதுதான் எளிது. மாவட்டந்தோறும் கல்வித் தீர்ப்பாயம் வேண்டும் என்று 2002-ல் டி.எம்.ஏ. பை வழக்கிலேயே சொன்னார்கள். அது ஒழுங்காக நடந்திருந்தால் இந்த இழையில் பாதிக் கேள்வி வந்திருக்காது. சங்கங்கள் அகவிலைப்படிக்குப் போராடும் வேகத்தில் கால்வாசியை இதற்குக் காட்டலாம்.

நவம்பர் 9

மேல்முறையீட்டுக்கு நேர் விசாரணைத் தேதி வந்திருக்கிறது என்று சார் எழுதியிருக்கிறார். ஜெயித்தாலும் போன மாதங்களுக்குச் சம்பளம் கிடைக்குமா என்று கேட்கிறார். வேலை பார்க்காத காலத்துக்குச் சம்பளம் இல்லை என்பார்கள். தன் தப்பு எதுவும் இல்லாமல் தடுக்கப்பட்டவருக்கு அந்தச் சூத்திரத்தை அப்படியே மாட்டக்கூடாது என்று 1991-ல் ஜானகிராமன் வழக்கில் இருக்கிறது. குறைந்தபட்சம் கருத்தியலான பதவி உயர்வாவது, அதாவது பழைய சம்பளம் இல்லாமல் கணக்குக்கு மட்டும் முன்தேதியிட்ட உயர்வாவது கேளுங்கள். ஊதிய நிர்ணயத்துக்கும் ஓய்வூதியத்துக்கும் அது உதவும். ஆனால் மனுவில் கேட்காததைத் தரமாட்டார்கள், அதனால் கூடுதல் மனுவாக விசாரணைக்கு முன்னாலேயே சேர்த்துவிடுங்கள்.

போகும்போது எஸ்.ஆர். நகல், 2009 நியமன ஆணை, அதன் ஒப்புதல், அவருடைய 2011 ஒப்புதல், தீர்மானம், ஆட்சேபணையின் ஒப்புகை, ஆறும் தேதி வரிசையில் இரண்டு செட். ஒன்றை அலுவலரிடம் கொடுத்து, கொடுத்ததாக நடவடிக்கைக் குறிப்பில் எழுதச் சொல்லுங்கள். எழுதாமல் வெளியே வராதீர்கள்.